அம்மாச்சியின் ஃப்ரூட் சாலட்: வாசகர் கேள்விகளும் பதில்களும்

வழக்கமாகக் கோடையில் இந்தப் பகுதிக்கு வரும் கடிதங்கள் வடகம், வற்றல், ஆவக்காய் பற்றியே இருக்கும். இம்முறை ஃப்ரூட் சாலட் முந்திக்கொண்டுவிட்டது. அதிலும் ஐஸ்கிரீம் கடையில் உயரமான கண்ணாடிக் கோப்பையில் தருவதை யாரும் கேட்கவில்லை. வீட்டில் பாட்டியோ அம்மாவோ, சமையல் புத்தகத்தைப் பார்க்காமல் செய்துகொடுத்த எளிய பழக்கலவையைத்தான் கேட்டிருக்கிறீர்கள். ஆகவே இந்த இதழ் முழுவதையும் அதற்கே ஒதுக்கியிருக்கிறேன்.

கேள்வி: பள்ளி விடுமுறைக்கு ஆண்டுதோறும் வத்தலக்குண்டில் அம்மாச்சி வீட்டுக்குப் போவோம். மதியச் சாப்பாட்டுக்குப் பின் எல்லாரும் படுத்து எழுவதற்குள், ஒரு பெரிய பாத்திரத்தில் பழங்களை நறுக்கிப் போட்டு மூடி வைத்திருப்பார். பால் கிடையாது, கஸ்டர்டு கிடையாது, ஐஸும் கிடையாது. பழத்துண்டுகளைவிட அடியில் நிற்கும் சாற்றுக்குத்தான் எங்களுக்குள் சண்டை நடக்கும். அது இளஞ்சிவப்பாக, லேசான ரோஜா மணத்தோடு இருக்கும். அம்மாச்சி இப்போது இல்லை. அம்மாவைக் கேட்டால், "அதில் என்னடி இருக்கிறது? பழத்தை நறுக்கிச் சர்க்கரை போட வேண்டியதுதானே" என்கிறார். நானும் புனேயில் ஆப்பிள், வாழை, பச்சைத் திராட்சை, கிவி எல்லாம் வாங்கி அப்படித்தான் செய்கிறேன். வாழைப்பழம் கறுத்துக் குழைகிறது; சாறு வெறும் சர்க்கரைத் தண்ணீராக நிற்கிறது. பன்னீர் ஊற்றிப் பார்த்தேன், சோப்பு மணம் வந்தது. அம்மாச்சி எதைத்தான் சேர்த்திருப்பார்?
– வாசகி, புனே

பதில்: உங்கள் அம்மா சொன்னது உண்மைதான் என்றே நினைக்கிறேன். பழமும் சர்க்கரையும் தவிர அதில் பெரிதாக ஒன்றும் இருந்திருக்காது. ஆனால் எந்த ஊர்ப் பழம், எந்த மாதத்துப் பழம், எதை முதலில் நறுக்கி எதைக் கடைசியில் சேர்த்தார் என்பவைதான் அந்தச் செய்முறையே. வருடம் முழுவதும் அதே சந்தையில் அதே பழங்களை வாங்கிப் பழகியவர்களுக்கு அதையெல்லாம் வாய்விட்டுச் சொல்லத் தோன்றாது.

வத்தலக்குண்டு என்று எழுதியிருக்கிறீர்களே, பாதிப் பதில் அதிலேயே இருக்கிறது. ஒரு பக்கம் கம்பம் பள்ளத்தாக்கு, இன்னொரு பக்கம் சிறுமலை, தலைக்கு மேலே பழனி மலைத் தொடர். கம்பம் பள்ளத்தாக்கில் ஏறத்தாழ ஆண்டு முழுவதும் அறுவடையாகும் பன்னீர் திராட்சை உங்கள் அம்மாச்சிக்குக் கைக்கெட்டும் தூரத்தில் கிடைத்திருக்கும். மஸ்கட் ஹாம்பர்க் என்னும் இனத்தைச் சேர்ந்த அந்தக் கருநீலத் திராட்சைக்கு 2023இல் புவிசார் குறியீடும் கிடைத்தது. ரோஜாவின் மணத்துக்குக் காரணமான ஜெரானியால் என்னும் பொருள் மஸ்கட் வகைத் திராட்சைகளிலும் இருக்கிறது. நீங்கள் நினைவில் வைத்திருக்கும் மணம் புட்டியிலிருந்து வந்ததன்று, திராட்சையே கொடுத்தது. இளஞ்சிவப்பு நிறமும் அதன் தோலிலிருந்து இறங்கியதுதான். தோலில் உள்ள ஆந்தோசயனின் என்னும் நிறமி, எலுமிச்சைச் சாறு போன்ற புளிப்புப் பட்டவுடன் நீலம் குறைந்து சிவப்பாகத் தெளியும். பச்சைத் திராட்சையில் அந்த நிறமி இல்லை. எனவே நீங்கள் எத்தனை முறை செய்தாலும் சாறு வெளுத்துத்தான் நிற்கும்.

அடுத்தது வாழை. சிறுமலை, விருப்பாச்சி மலைவாழைப் பழத்தில் நீர் குறைவு, சதை இறுக்கம் அதிகம், இனிப்போடு மெல்லிய புளிப்பும் உண்டு. நறுக்கிச் சாற்றில் போட்டாலும் சட்டென்று குழையாது. முடிக்கொத்து நோய் என்னும் நச்சுயிரி நோய் தாக்கி மலைவாழைப் பரப்பு பெரிதும் சுருங்கிவிட்டபடியால், திண்டுக்கல் சந்தையிலேயே இன்று அதற்குத் தனி விலைதான். புனேயில் உங்களுக்குக் கிடைப்பது பெரும்பாலும் பச்சைத்தோல் நீங்கி மஞ்சளான, நீளமான, மோரிஸ் வகைப் பழமாக இருக்கும். நன்றாகப் பழுத்துவிட்டால் அது பச்சடிக்குத்தான் ஆகும். கிடைத்தால் ரஸ்தாளி வாங்குங்கள். இல்லையென்றால் தோலில் புள்ளி விழாத, நுனியில் சற்றே பச்சை தெரியும் பழமாகப் பார்த்து எடுங்கள்.

இனிச் செய்முறை. ஆறு பேருக்குப் போதுமான அளவைச் சொல்கிறேன். பன்னீர் திராட்சை கால் கிலோ, நன்கு பழுத்தும் அழுந்தாத பெரிய மாம்பழம் ஒன்று, மாதுளை ஒன்று, மலைவாழையானால் ஆறு, ரஸ்தாளியானால் நான்கு, சர்க்கரை மூன்று மேசைக்கரண்டி, எலுமிச்சம்பழம் ஒன்று, உப்பு ஒரு சிட்டிகை, ஏலக்காய் இரண்டு. சப்போட்டா இருந்தால் இரண்டு சேர்க்கலாம். ஆப்பிள் வேண்டாம், அந்த நாளில் மே மாதத்து வத்தலக்குண்டு வீட்டில் ஆப்பிள் இருந்தால், யாருக்கோ உடம்பு சரியில்லை என்று பொருள்.

முதலில் திராட்சையைத்தான் எடுக்க வேண்டும். கழுவித் துடைத்து, ஒவ்வொன்றையும் நீளவாக்கில் இரண்டாக வகுந்து, கத்தி முனையால் விதையை நெம்பி எடுத்துவிட்டு, அப்போது கையில் வழியும் சாறும் பாத்திரத்திலேயே விழுமாறு பார்த்துக்கொள்ளுங்கள். அதன்மேல் சர்க்கரையையும் உப்பையும் தூவி, ஒரு கைப்பிடித் திராட்சையை மட்டும் விரலால் நசுக்கிவிட்டு, அரை மணி நேரம் மூடி வையுங்கள். வெட்டுப்பட்ட பழத்திலுள்ள நீரைச் சர்க்கரை வெளியே இழுக்கும்; ஒரு சொட்டுத் தண்ணீர் சேர்க்காமலே அடியில் சிவந்த சாறு கூடியிருக்கும். அதில் எலுமிச்சைச் சாற்றைப் பிழிந்தவுடன் நிறம் தெளிவதைக் கண்ணாலேயே பார்க்கலாம். பிறகு மாதுளை முத்துகளையும், அதன் பின் மாம்பழத் துண்டுகளையும் சேருங்கள். வாழைப்பழத்தைப் பரிமாறுவதற்குக் கால் மணி நேரம் முன்பு நறுக்கினால் போதும். நறுக்கிய வில்லைகள் பலகையில் காத்திருக்கக் கூடாது. நேரே சாற்றுக்குள் விழ வேண்டும். கரண்டியால் கிண்டாமல், பாத்திரத்தை இரண்டு கையாலும் பிடித்துக் குலுக்கி விடுங்கள். ஏலக்காய்ப் பொடி கடைசியில், இருக்கிறதா இல்லையா என்று சந்தேகம் வரும் அளவுக்கு மட்டும்.

புனேயில் பன்னீர் திராட்சை கிடைக்காவிட்டால், கறுப்புத் திராட்சையில் ஒரு கைப்பிடியைத் தோலோடு நசுக்கி, சர்க்கரை சேர்த்து, கை பொறுக்கும் சூடு வரும்வரை அடுப்பில் காட்டி, ஆறிய பின் வடிகட்டி ஊற்றுங்கள். நிறம் வந்துவிடும், மணம் முழுதாக வராது. அதற்காக மறுபடியும் பன்னீர்ப் புட்டியைத் திறக்க வேண்டாம்.

இன்னும் ஒன்று. ஐஸ் கிடையாது என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த வீட்டில் பாத்திரத்தைத் தாம்பாளத் தண்ணீரில் வைத்து, மேலே ஈரத்துணி போட்டு மூடியிருப்பார்கள். துணியிலுள்ள ஈரம் ஆவியாகும்போது பாத்திரத்தின் சூட்டையும் எடுத்துச் செல்லும் என்பதால், பழம் இளங்குளிர்ச்சியோடு இருந்திருக்குமே தவிரச் சில்லிட்டிருக்காது. மிகக் குளிர்ந்த உணவில் நாக்குக்கு இனிப்பும் மூக்குக்கு மணமும் குறைவாகவே எட்டும். நீங்கள் குளிர்ப்பெட்டியில் வைத்து எடுத்து உடனே சாப்பிடுகிறவரானால், பத்து நிமிடம் வெளியே வைத்துவிட்டுச் சாப்பிட்டுப் பாருங்கள்.

கேள்வி: என் மாமியார் பித்தளை அடுக்கில்தான் பழக்கலவை செய்வாராம். அந்த அடுக்கு இப்போது என்னிடம் இருக்கிறது. அதிலேயே செய்யலாமா? அரிவாள்மணையில் நறுக்கினால் பழம் கறுக்கிறது என்று மகள் சொல்கிறாள், அது சரியா?
– வாசகி, கும்பகோணம்

பதில்: உட்புறம் ஈயம் பூசிய பாத்திரம்தானா என்று முதலில் பாருங்கள். பூச்சு தேய்ந்து மஞ்சள் நிறம் தெரிந்தால் எலுமிச்சை, திராட்சை, அன்னாசி போன்ற புளிப்பான எதையும் அதில் வைக்கக் கூடாது. செம்பு கரைந்து களிம்பு ஏறும். குமட்டலும் வாந்தியும் வரலாம். ஈயம் பூசுகிறவர்கள் இன்னும் உங்கள் ஊரில் இருக்கிறார்கள். பூசக் கொடுப்பதற்கு மனமில்லையென்றால் அடுக்கைப் புளி போட்டு விளக்கிக் கண்ணில் படும்படி வைத்துவிட்டு, பழத்தைக் கண்ணாடிப் பாத்திரத்திலோ எவர்சில்வரிலோ செய்யுங்கள்.

மகள் சொல்வது சரி. பழைய இரும்பு அரிவாள்மணையில் நறுக்கும்போது, பழத்தின் துவர்ப்புப் பொருள் இரும்போடு சேர்ந்து கருநிறம் காட்டும். வாழைப்பூ நறுக்கியவர்களுக்கு அந்தக் கறை நன்றாகத் தெரியும். எவர்சில்வர்க் கத்தி போதும்.

கேள்வி: ஆப்பிள் நறுக்கினால் உடனே பழுப்பாகிறது. உப்புத் தண்ணீரா, எலுமிச்சையா, எது நல்லது?
– வாசகர், ஓசூர்

பதில்: வெட்டுப்பட்ட இடத்தில் பழத்தின் நொதி காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்ந்து வேலை செய்வதால்தான் பழுப்பு ஏறுகிறது. எலுமிச்சையின் புளிப்பு அந்த நொதியை முடக்குகிறது. உப்பும் அதையே ஓரளவு செய்கிறது. சர்க்கரைப் பாகோ சாறோ மேலே மூடியிருந்தால் காற்று எட்டுவதில்லை. ஃப்ரூட் சாலட்டுக்கு எலுமிச்சையே பொருத்தம். டிபன் டப்பாவில் குழந்தைக்குக் கொடுத்தனுப்புவதானால், இரண்டு டம்ளர் தண்ணீரில் அரைத் தேக்கரண்டி உப்பைக் கரைத்து, துண்டுகளை ஐந்து நிமிடம் போட்டு, நல்ல தண்ணீரில் ஒருமுறை அலசி வையுங்கள். சாயங்காலம்வரை வெளுப்பாகவே இருக்கும்.

கேள்வி: எங்கள் வீட்டில் அம்மா செய்தது கஸ்டர்டு ஊற்றிய ஃப்ரூட் சாலட். அப்பாவின் அலுவலக நண்பர்கள் குடும்பத்தோடு வரும்போது மட்டும் செய்வார். கெட்டியாக, கரண்டியில் அள்ளினால் நிற்கும். நான் செய்தால் அடுப்பிலிருந்து இறக்கும்போது கெட்டியாக இருப்பது, பழம் சேர்த்து ஒரு மணி நேரத்தில் மோர்போல் ஆகிவிடுகிறது. மாவு மாற்றினேன், பால் மாற்றினேன். காரணம் தெரியவில்லை.
– வாசகி, சென்னை மேற்கு மாம்பலம்

பதில்: கஸ்டர்டு பவுடர் எப்படி வந்தது என்று தெரிந்தால் காரணமும் விளங்கும். இங்கிலாந்தின் பர்மிங்ஹாமில் மருந்துக்கடை வைத்திருந்த ஆல்ஃபிரட் பேர்டு என்பவரின் மனைவிக்கு முட்டை ஒத்துக்கொள்ளாது. அவருக்காக 1837இல் முட்டைக்குப் பதில் சோளமாவை வைத்துக் கஸ்டர்டு செய்யும் பொடியைப் பேர்டு உருவாக்கினார். நம் சைவ வீடுகளுக்குள் அது தயக்கமின்றி நுழைந்ததற்கும் முட்டை இல்லாததுதான் காரணம். இன்று நாம் வாங்கும் பொடியும் சோளமாவு, வனிலா மணம், மஞ்சள் நிறம் ஆகியவைதான். ஆக, அதைக் கெட்டியாக்குவது மாவுச்சத்து. மாவுச்சத்து எப்போது தளரும் என்று பார்த்தால் போதும்.

முதல் ஐயம், பால் சரியாகக் கொதித்ததா என்பது. அரை லிட்டர் பாலுக்கு இரண்டு மேசைக்கரண்டி பொடி, மூன்று மேசைக்கரண்டி சர்க்கரை. பொடியை ஆறிய பாலில் கட்டியில்லாமல் கரைத்து, கொதிக்கும் பாலில் ஊற்றி, கெட்டியான பிறகும் கைவிடாமல் இரண்டு நிமிடம் கொதிக்க விட வேண்டும். பலரும் கெட்டியானதும் பயந்து இறக்கிவிடுவார்கள். அப்போது மாவு முழுதாக வெந்திருக்காது. வாயில் பச்சை மாவு வாசனையும் நிற்கும்.

இரண்டாவது, பழத்தின் நீர். சர்க்கரை சேர்ந்த கஸ்டர்டில் நறுக்கிய பழத்தைப் போட்டால், முதல் பதிலில் சொன்ன அதே வேலையைச் சர்க்கரை இங்கேயும் செய்து, பழத்திலிருந்து நீரை இழுக்கும். சாறு கலவைக்கு எது உயிரோ அதுவே கஸ்டர்டுக்கு எமன். எனவே பழங்களை முன்கூட்டியே நறுக்கி வடிதட்டில் போட்டு நீர் வடித்துக்கொள்ளுங்கள். கஸ்டர்டைத் தனியாகக் குளிர வைத்து, பரிமாறும்போது மட்டும் சேருங்கள். தர்பூசணி, சாத்துக்குடி வேண்டவே வேண்டாம். வாழை, ஆப்பிள், சப்போட்டா, விதையில்லாத் திராட்சை, மாதுளை ஆகியவைதான் கஸ்டர்டின் நண்பர்கள்.

மூன்றாவதை எல்லாரும் ஒப்புக்கொள்ளத் தயங்குவார்கள். இனிப்புப் போதுமா என்று ருசி பார்த்த கரண்டியை மறுபடியும் பாத்திரத்தில் விடுகிறீர்களா? நம் எச்சிலில் மாவுச்சத்தைச் சிதைக்கும் அமைலேஸ் என்னும் நொதி இருக்கிறது. வாய் பட்ட கரண்டி ஆறிய கஸ்டர்டுக்குள் போனால், கொஞ்ச நேரத்தில் அந்த இடம் நீர்த்துவிடும். எச்சில் கரண்டியைப் பாத்திரத்தில் விடாதே என்று நம் பாட்டிமார் அதட்டியது ஆசாரம் கருதித்தான். ஆனால் கஸ்டர்டைப் பொறுத்தவரை அது வேதியியலும்கூட. ருசி பார்க்க ஒரு சொட்டை உள்ளங்கையில் விட்டுக்கொள்ளுங்கள்.

மேலே ஆடை படிவது பிடிக்காவிட்டால், சூடாக இருக்கும்போதே மெழுகுத்தாளைக் கஸ்டர்டின் மேல் ஒட்டினாற்போல் பரப்பி ஆற விடுங்கள். (அந்த ஆடைக்காகவே பாத்திரத்தைச் சுற்றி வருகிற பிள்ளைகள் இருக்கும் வீட்டில் இந்த வேலை தேவையில்லை.) கல்யாண வரவேற்புகளில் மேலே தூவித் தருவார்களே, சிவப்பும் பச்சையுமாக டூட்டி ஃப்ரூட்டி, அது பப்பாளிக்காயைச் சர்க்கரைப் பாகில் ஊறவைத்து நிறமேற்றியது. உச்சியில் வைக்கும் செர்ரியோ, பெரும்பாலும் நம் ஊர்க் களாக்காய்தான். தேவையென்றால் போடுங்கள், உங்கள் அம்மாவின் கஸ்டர்டுக்கு அவை ஒன்றும் கூட்டப்போவதில்லை.

கேள்வி: அன்னாசிப்பழம் சேர்த்துக் கஸ்டர்டு ஃப்ரூட் சாலட் செய்து இரவு குளிர்ப்பெட்டியில் வைத்தேன். காலையில் வாயில் வைக்க முடியாத கசப்பு. பழம் கெட்டதா, பால் கெட்டதா?
– வாசகர், நாகர்கோவில்

பதில்: இரண்டும் கெடவில்லை. பச்சை அன்னாசியில் உள்ள புரோமெலைன் என்னும் நொதி பாலின் புரதத்தைத் துண்டாடும். அந்தத் துண்டுகள்தான் கசக்கின்றன. கிவிப் பழத்திலும் இதேபோன்ற நொதி உண்டு. பப்பாளியில், குறிப்பாகக் காயாக இருக்கையில், பப்பைன் உண்டு. அன்னாசித் துண்டுகளைச் சர்க்கரையோடு ஐந்தாறு நிமிடம் கொதிக்கவிட்டு ஆறவைத்துச் சேர்த்தால், சூட்டில் நொதி செயலிழந்துவிடும். டின் அன்னாசி ஏற்கெனவே சூடுபடுத்தப்பட்டது என்பதால்தான் அந்தக் காலத்துக் கஸ்டர்டு சமையல் குறிப்புகளில் அது தொல்லை தருவதில்லை. ஜெலட்டின் ஜெல்லியும் பச்சை அன்னாசியோடு இறுகாது; கடல்பாசியில் செய்த ஜெல்லி இறுகும், ஏனெனில் கடல்பாசியில் இருப்பது புரதம் அன்று.

கேள்வி: பாலும் பழமும் சேர்ந்தால் விஷம் என்று என் நாத்தனார் ஒரு காணொளியைப் பார்த்துவிட்டு, வீட்டில் யாரையும் ஃப்ரூட் சாலட் சாப்பிட விடுவதில்லை. நாங்கள் சின்ன வயதிலிருந்து சாப்பிட்டதுதானே?
– வாசகி, ஈரோடு

பதில்: உங்கள் நாத்தனார் சொல்வதற்குப் பழைய வேர் ஒன்று உண்டு என்பதை முதலில் ஒப்புக்கொள்ள வேண்டும். ஆயுர்வேத நூலான சரக சம்கிதையில், ஒன்றுக்கொன்று ஒவ்வாத உணவுகளைச் சொல்லும் இடத்தில், பாலோடு புளிப்புப் பழங்களைச் சேர்க்கக் கூடாது என்று இருக்கிறது. அந்த மருத்துவ முறையைப் பின்பற்றுகிறவர்கள் அதன்படி நடப்பது அவர்கள் விருப்பம். ஆனால் விஷம் என்பது மிகை. புளிப்புப் பட்டால் பால் திரிகிறது. வயிற்றுக்குள் போன பாலும் அங்குள்ள அமிலத்தில் திரிந்தே செரிக்கிறது. பால் ஒத்துக்கொள்ளாதவர்களுக்கு வயிறு உப்பும்; அது பழத்தின் குற்றமன்று. நம் கல்யாண வீடுகளில் தாலி கட்டி முடிந்ததும் மணமக்களுக்கு முதலில் கொடுப்பது பாலும் பழமும்தான் என்பதை நாத்தனாருக்கு நினைவூட்டுங்கள். அவர் கல்யாணத்திலும் கொடுத்திருப்பார்கள். அதற்குப் பிறகும் அவர் மறுத்தால், பால் சேராத முதல் வகையைச் செய்துவிடுங்கள். வாக்குவாதத்தை வளர்த்துப் பழத்தைக் கறுக்கவிட வேண்டாம்.

கேள்வி: அப்பாவுக்குச் சர்க்கரை நோய். வெள்ளைச் சர்க்கரைக்குப் பதில் நாட்டுச் சர்க்கரையோ தேனோ சேர்க்கலாமா? பத்து மாதக் குழந்தைக்கும் இதையே மசித்துக் கொடுக்கலாமா?
– வாசகி, திருநெல்வேலி

பதில்: இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்கிறேன். ஒரு வயது நிறையாத குழந்தைக்குத் தேன், ஒரு துளிகூட, கொடுக்கக் கூடாது. தேனில் சில சமயம் இருக்கும் ஒரு வகைக் கிருமியின் வித்துகள், முதிராத குடலில் வளர்ந்து நஞ்சை உண்டாக்கக்கூடும். பாட்டிகள் நாக்கில் தேன் தடவும் வழக்கம் இருந்தாலும் இதில் விட்டுக்கொடுக்க வேண்டாம். சர்க்கரையும் வேண்டாம். தேனும் சர்க்கரையும் சேருமுன் வாழைப்பழத்தைத் தனியே எடுத்து மசித்துக் கொடுங்கள். திராட்சையை முழுதாகவோ பாதியாகவோ கொடுக்காதீர்கள், தொண்டையில் அடைத்துக்கொள்ளும்.

அப்பாவைப் பொறுத்தவரை, நாட்டுச் சர்க்கரையின் பெரும்பகுதியும் வெள்ளைச் சர்க்கரையில் உள்ள அதே சுக்ரோஸ்தான். நிறம் மாறுவதால் இரத்தத்தில் ஏறும் சர்க்கரை மாறிவிடாது. தேனுக்கும் இது பொருந்தும். அவருக்கென ஒரு கிண்ணத்தில் கொய்யாவும் கொஞ்சம் பப்பாளியும் நான்கைந்து மாதுளை முத்துகளும் போட்டு, எலுமிச்சை பிழிந்து, உப்பும் மிளகுத்தூளும் தூவிக் கொடுத்துப் பாருங்கள். எவ்வளவு சாப்பிடலாம் என்பதை அவருடைய மருத்துவரிடமே கேட்டுக்கொள்ளுங்கள்.

கேள்வி: பஞ்சாமிர்தமும் ஒருவகை ஃப்ரூட் சாலட்தானே? என் பெரியப்பா அப்படித்தான் சொல்வார். பஞ்சாமிர்தம் மட்டும் எப்படிப் பல நாள் கெடாமல் இருக்கிறது?
– வாசகர், பழனிக்கு அருகிலிருந்து

பதில்: பெரியப்பாவோடு பாதி தூரம் வரைக்கும் வருகிறேன். பழத்தை இனிப்போடு சேர்த்து வைப்பது என்ற அளவில் இரண்டும் சொந்தம்தான். ஆனால் ஃப்ரூட் சாலட்டில் பழத்தின் உருவமும் தனிச்சுவையும் நிற்க வேண்டும். பஞ்சாமிர்தத்தில் அவை கரைந்துபோக வேண்டும். பழனிப் பஞ்சாமிர்தத்தில் வாழைப்பழம், நாட்டுச் சர்க்கரை, நெய், தேன், ஏலக்காய் ஆகியவற்றோடு பேரீச்சம்பழமும் கல்கண்டும் சேர்கின்றன, தண்ணீர் சேர்வதில்லை. 2019இல் அதற்குப் புவிசார் குறியீடு கிடைத்தது.

கெடாமைக்குக் காரணம் சர்க்கரையின் அளவு. கிருமிகள் பெருகுவதற்குக் கட்டற்ற நீர் வேண்டும். அவ்வளவு சர்க்கரையும் தேனும் சேர்ந்த இடத்தில் அந்த நீர் முழுவதும் பிடித்துவைக்கப்பட்டு விடுகிறது. நீர் குறைந்த மலைவாழை அதற்கு உதவுகிறது. வீட்டு ஃப்ரூட் சாலட்டில் சர்க்கரை அத்தனை இல்லை. நம் ஊர் வெயிலில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் அதை வெளியே வைக்க வேண்டாம். குளிர்ப்பெட்டியில் வைத்தாலும் மறுநாளைக்குள் முடித்துவிடுங்கள்.

கேள்வி: எங்கள் ஆச்சிக்கு இப்போது வயது எண்பதைத் தாண்டிவிட்டது. அவர் செய்யும் பழக்கலவையின் அளவை எழுதிவைத்துக்கொள்ளலாம் என்று உட்கார்ந்தால், "கொஞ்சம் போடு", "வேண்டிய மட்டும் போடு" என்பதைத் தாண்டி ஒன்றும் வரவில்லை. எப்படிக் கேட்பது?
– வாசகர், காரைக்குடி

பதில்: அளவைக் கேட்காதீர்கள், அவர் அளந்து போட்டதே இல்லை. அவரோடு சந்தைக்குப் போங்கள், அல்லது பழங்களை வாங்கி அவர் முன் வைத்து, எதை ஒதுக்குகிறார் என்று பாருங்கள். ஒதுக்கும்போது காரணத்தையும் தானாகவே சொல்லிவிடுவார். "இது இன்னும் ரெண்டு நாள் போகணும்", "இது புளிக்கும்" என்பவற்றைத்தான் நீங்கள் எழுதிக்கொள்ள வேண்டும். பிறகு அவரையே செய்யச் சொல்லி, சர்க்கரை டப்பாவை அவர் எடுப்பதற்கு முன்னும் பின்னும் சமையலறைத் தராசில் நிறுத்திவிடுங்கள். அவர் ஒரு "கொஞ்சம்" போட்டால் எத்தனை கிராம் குறைகிறது என்பது தராசில் தெரிந்துவிடும். எந்த மாதத்தில் செய்தார், மாம்பழம் செந்தூராவா, மல்கோவாவா, கடைசிப் பருவத்து நீலமா என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். ஏப்ரல் செந்தூராவுக்குப் போட்ட சர்க்கரை ஜூலை நீலத்துக்கு ஒத்துவராது. யார் சாப்பிட்டார்கள், யாருக்காக எதைத் தவிர்த்தார் என்பதும் முக்கியம். பல வீடுகளில் மாமாவுக்குப் பிடிக்காது என்பதற்காகவே ஒரு பழம் செய்முறையிலிருந்து நீங்கிப்போயிருக்கும்.

கேள்வி: மகளுடைய நிச்சயதார்த்தத்துக்கு 50 பேர் வருகிறார்கள். பால் சேர்க்காத, பழைய முறைப் பழக்கலவையை வீட்டிலேயே செய்ய ஆசை. எவ்வளவு பழம் வாங்க வேண்டும்? எப்போது நறுக்க வேண்டும்?
– வாசகி, தஞ்சாவூர்

பதில்: சாப்பாட்டுக்குப் பின் கொடுப்பதானால் ஆளுக்கு 150 கிராம் நறுக்கிய பழம் போதும். 50 பேருக்கு ஏழரைக் கிலோ. தோலும் கொட்டையும் போக அவ்வளவு தேற வேண்டுமானால், கடையில் பதினொரு கிலோ வரை வாங்க வேண்டும். வாழையில் மூன்றில் ஒரு பங்கு தோலாகப் போய்விடும். மாதுளையில் ஏறத்தாழப் பாதி போகும். திராட்சையில் காம்பும் விதையும் தவிர ஒன்றும் போகாது. பன்னீர் திராட்சை இரண்டு கிலோ, மாம்பழம் நான்கு கிலோ, வாழை மூன்று கிலோ, மாதுளை இரண்டு கிலோ என்று பிரித்துக்கொள்ளுங்கள். சர்க்கரை 400 கிராம், எலுமிச்சை எட்டு.

திராட்சைக்கு விதை எடுப்பதுதான் நேரம் பிடிக்கும் வேலை. அதற்கு வீட்டுக்கு வந்திருக்கும் சித்திகளையும் அத்தைகளையும் காலையிலேயே உட்கார வைத்துவிடுங்கள். மாதுளையை முதல்நாள் இரவே உதிர்த்துக் குளிர்ப்பெட்டியில் வைக்கலாம். மாம்பழத்தைப் பந்திக்கு ஒரு மணி நேரம் முன்பும், வாழையைப் பந்தியில் இலை போடும்போதும் நறுக்கினால் சரியாக இருக்கும். ஒரே அண்டாவில் அத்தனையையும் கலந்தால் அடியில் கிடப்பது நசுங்கும்; நான்கு பாத்திரங்களாகப் பிரித்துக் கலந்து, ஒன்று தீர்ந்த பிறகு அடுத்ததில் வாழையைச் சேருங்கள்.